குஸ்கோவிலிருந்து புனிதப் பள்ளத்தாக்குக்கு ஒரு நாள் டூர்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

பெரு போய்வந்ததிலிருந்து சொந்தக்காரர்கள், கூட வேலை பார்ப்பவர்கள், அவர்களுடைய நண்பர்கள் என்று யாராவது ஒருவர் போன் போட்டு குஸ்கோவைப் பற்றிக் கேட்டுக்கொண்டே இருக்கிறார்கள். எல்லோரும் கேட்பது ஏறக்குறைய ஒரே கேள்விகள்தான், அதனால் ஒரே இடத்தில் எழுதி வைத்துவிடலாம் என்று உட்கார்ந்தேன். அந்தப் பள்ளத்தாக்குக்கு நான் இரண்டு முறை போயிருக்கிறேன். முதல் முறை ஐந்து இடங்களையும் ஒரே நாளில் காட்டும் வேன் டூர். இரண்டாம் முறை அதே அளவு நேரத்தில் இரண்டே இடம். இரண்டையும் செய்து பார்த்ததால்தான் கீழே சில விஷயங்களை இவ்வளவு அழுத்திச் சொல்கிறேன்.

புனிதப் பள்ளத்தாக்கு என்பது சரியாக எந்த இடம்?

குஸ்கோ நகரத்துக்கு வடக்கே உருபம்பா ஆறு ஓடுகிற பள்ளத்தாக்கு. பீசாக் ஊரில் தொடங்கி ஒயாந்தாய்தம்போ வரை சுமார் 60 கி.மீ. நீளம். ஸ்பானிய மொழியில் 'வாயே சக்ராதோ' என்பார்கள். இதே ஆறுதான் கீழே போய் மாச்சு பிச்சுவைச் சுற்றி வளைந்து ஓடுகிறது. குஸ்கோ சுமார் 3,400 மீட்டர் உயரத்தில் இருக்கிறது, பள்ளத்தாக்கின் அடிப்பகுதி 2,800 முதல் 3,000 மீட்டர்தான். இந்த ஐந்நூறு மீட்டர் வித்தியாசம் சின்ன விஷயமாகத் தெரியும், ஆனால் அதனால்தான் இங்கே குளிர் குறைவு, மக்காச்சோளம் பெரிது பெரிதாக விளைகிறது, ஸ்பானியர்கள் வருவதற்கு முன் இந்தப் பகுதியை ஆண்ட இன்கா அரசர்களும் தங்களுக்கென்று பண்ணைகளை இங்கேதான் அமைத்துக்கொண்டார்கள். பீசாக்கும் ஒயாந்தாய்தம்போவும் பச்சகூத்தி என்ற அரசருடையவை, சின்ச்செரோ அவர் மகன் தூபாக் இன்கா யூபான்கியுடையது.

ஒரு நாள் டூரில் எங்கெல்லாம் கூட்டிக்கொண்டு போவார்கள்?

இரண்டு வகை இருக்கிறது. பழைய வகையில் பீசாக், ஒயாந்தாய்தம்போ, சின்ச்செரோ. இப்போது அதிகம் விற்பது ஐந்து இட டூர்: காலை ஏழு மணிவாக்கில் கிளம்பி சின்ச்செரோ, மொராய், மராஸ் உப்புப் பாத்திகள், உருபம்பாவில் பஃபே சாப்பாடு, அப்புறம் ஒயாந்தாய்தம்போ, கடைசியாக பீசாக், இரவு ஏழு மணிக்கு மேல் குஸ்கோ.

ஐந்தையும் ஒரே நாளில் பார்த்துவிட முடியுமா?

போய்ச் சேர முடியும். பார்க்க முடியுமா என்றால் முடியாது என்றுதான் சொல்வேன். முதல் முறை நாங்கள் பீசாக் போய் இறங்கும்போது வெயில் சாய்ந்துவிட்டது. நாற்பது நிமிடம் கொடுத்தார்கள். மேலே நிறுத்தத்திலிருந்து முக்கியமான கோயில் பகுதிக்கு மலை விளிம்பில் ஒரு பாதை போகிறது, போக மட்டுமே இருபது முப்பது நிமிடம் ஆகும், வழியில் பாறையைக் குடைந்த ஒரு சின்ன சுரங்கமும் உண்டு. நான் பாதி தூரம் போய், வேன் கிளம்பிவிடும் என்ற பயத்தில் திரும்பி ஓடி வந்தேன். அந்த உயரத்தில் ஓடினால் என்ன ஆகும் என்பது தனிக் கதை. அன்றைக்குக் கோயிலைப் பார்க்கவே இல்லை.

இரண்டு நாள் ஒதுக்க முடிந்தால் ஒதுக்குங்கள். ஒரு நாள்தான் என்றால் பீசாக்கும் ஒயாந்தாய்தம்போவும் போதும், அல்லது சின்ச்செரோவும் ஒயாந்தாய்தம்போவும். நாலு பேர் சேர்ந்தால் ஒரு காரும் கைடும் தனியாகப் பேசிக்கொள்ளலாம், ஆளுக்குப் பிரித்தால் செலவு பயப்படும் அளவுக்கு வராது.

கைடு அவசியம் வேண்டுமா?

வேண்டும். இன்காக்களிடம் நாம் எழுத்து என்று சொல்லும் வடிவில் எழுத்து கிடையாது, கீப்பு எனும் கயிற்று முடிச்சுகளில்தான் கணக்கு வைத்தார்கள். அதனால் நம் கோயில்களில் போலச் சுவரில் கல்வெட்டு தேடினால் ஒன்றும் கிடைக்காது. யாராவது சொல்லாவிட்டால் அது வெறும் சுவர். வாசல் ஏன் மேலே குறுகிக் கீழே அகன்றிருக்கிறது, சுவர் ஏன் உள்பக்கமாகச் சாய்ந்திருக்கிறது (நிலநடுக்கத்தில் தாங்குவதற்காக), எந்தச் சுவர் அரசருக்கு, எந்தச் சுவர் லாமா எனும் ஒட்டக இன விலங்குகளின் தொழுவத்துக்கு என்பதெல்லாம் கல்லை இழைத்திருக்கும் விதத்திலேயே தெரியும், ஆனால் ஒருமுறை யாராவது விரல் வைத்துக் காட்ட வேண்டும்.

உரிமம் பெற்ற கைடு என்றால் கழுத்தில் அடையாள அட்டை இருக்கும். இன்காக்களின் மொழியான கெச்சுவா பேசும் குடும்பத்திலிருந்து வந்தவர் கிடைக்கிறாரா என்று டூர் பேசும்போதே கேளுங்கள், குஸ்கோவில் அப்படி நிறையப் பேர் இருக்கிறார்கள். வேற்றுக்கிரகவாசிகள் வந்து கட்டினார்கள் என்று ஆரம்பிப்பவரை மட்டும் தவிர்த்துவிடுங்கள். எனக்கு அந்தப் பேச்சு கொஞ்சம்கூடப் பிடிக்காது. கல் வெட்டிய குவாரி எங்கே என்று தெரியும், இழுத்து வந்த சாய்வுப் பாதை இன்னும் இருக்கிறது, கொத்திய சுத்திக் கற்கள் கிடைத்திருக்கின்றன. ஜான் பியர் புரோட்சன் என்ற கட்டடக்கலைப் பேராசிரியர் அதே மாதிரிக் கற்களை வைத்துத் தானே கொத்திப் பார்த்து, இது மனிதக் கைகளால் ஆகிற வேலைதான் என்று காட்டியிருக்கிறார். வேலை செய்தவர்களின் பேரப்பிள்ளைகள் அங்கேயே இருக்கும்போது பெருமையை வானத்துக்குத் தூக்கிக் கொடுப்பது நியாயமே இல்லை.

டிக்கெட் டூர் கட்டணத்தில் சேர்ந்ததா?

பெரும்பாலும் சேராது, இதில்தான் பலரும் ஏமாந்த மாதிரி உணர்கிறார்கள். குஸ்கோவில் 'பொலேத்தோ துரீஸ்திகோ' என்று ஒரு கூட்டு டிக்கெட் உண்டு. முழு டிக்கெட் 16 இடங்களுக்கு, 10 நாள் செல்லும், பல ஆண்டுகளாக வெளிநாட்டவருக்கு 130 சோல் (பெருவின் பணம்). பள்ளத்தாக்கின் நாலு இடங்களுக்கு (பீசாக், ஒயாந்தாய்தம்போ, சின்ச்செரோ, மொராய்) மட்டும் என்றால் பகுதி டிக்கெட் 70 சோல், 2 நாள் செல்லும். போகும் முன் ஒருமுறை விலையைச் சரிபார்த்துக்கொள்ளுங்கள். ஒரு இடத்துக்கு ஒரு முறைதான் நுழையலாம். மராஸ் உப்புப் பாத்திகள் இதில் வராது, அங்கே ஊர்க்காரர்கள் தனியாக வசூலிப்பார்கள். மாச்சு பிச்சு முற்றிலும் வேறு டிக்கெட்.

சர்வதேச மாணவர் அட்டை வைத்திருக்கும் பிள்ளைகளுக்குக் கட்டணம் குறைவு, அட்டையை மறக்காமல் எடுத்துக்கொள்ளச் சொல்லுங்கள்.

அவ்வளவு உயரத்தில் மூச்சு வாங்குமா?

வாங்கும். அங்கே இதை 'சொரோச்சே' என்பார்கள். தலைவலி, குமட்டல், தூக்கமின்மை, மாடிப்படி ஏறினால் நெஞ்சு படபடப்பு, இவை பெரும்பாலானவர்களுக்கு முதல் ஒன்றிரண்டு நாளில் வந்து போகும். நல்ல உடம்பு இருக்கிறது, தினமும் ஓடுகிறேன் என்பதெல்லாம் இதில் கணக்கில் வராது.

பலர் செய்யும் தவறு, லீமாவிலிருந்து விமானத்தில் காலையில் குஸ்கோ இறங்கி, அன்றைக்கே மதியம் டூர் போவது. நான் இரண்டாம் முறை செய்தது வேறு: விமான நிலையத்திலிருந்தே நேராகப் பள்ளத்தாக்குக்குக் கீழே இறங்கி முதல் இரண்டு இரவுகளை ஒயாந்தாய்தம்போவில் கழித்தேன், அதன் பிறகுதான் குஸ்கோ. அறுநூறு மீட்டர் கீழே தூங்குவது உடம்புக்குப் பெரிய உதவி. ஐந்து இட டூரில் சின்ச்செரோ 3,700 மீட்டருக்கும் மேலே, குஸ்கோவைவிட உயரம், அதுவும் காலையில் முதல் இடமாக வரும் என்பதையும் மனதில் வையுங்கள்.

அசெட்டசோலமைடு மாத்திரை போடலாமா என்பதை ஊரில் கிளம்பும் முன்பே மருத்துவரிடம் கேளுங்கள், சல்ஃபா மருந்து ஒவ்வாதவர்கள் கட்டாயம் சொல்ல வேண்டும். முதல் நாள் வயிறு நிறையச் சாப்பிடாதீர்கள், மது வேண்டாம், மெதுவாக நடங்கள். சும்மா உட்கார்ந்திருக்கும்போதே மூச்சு இரைத்தாலோ, நடை தள்ளாடினாலோ, பேச்சு குழம்பினாலோ டூர் காசை நினைத்துக்கொண்டு இருக்காமல் உடனே மருத்துவமனைக்கும், உயரம் குறைந்த இடத்துக்கும் போக வேண்டும்.

கோகா இலைத் தேநீர் குடிக்கலாமா? அது போதைப் பொருள் இல்லையா?

பெருவில் கோகா இலை சட்டப்படி அனுமதிக்கப்பட்டது, ஹோட்டல் வரவேற்பறையிலேயே சுடுதண்ணீரோடு வைத்திருப்பார்கள். தேநீர் குடித்தால் போதை ஏறாது. ஆனால் இரண்டு விஷயம். வேலையில் போதைப் பரிசோதனை வைப்பார்கள் என்றால் தொடவே வேண்டாம், ஒரு கோப்பை தேநீரே பரிசோதனையில் காட்டிக்கொடுக்கும். அடுத்தது, இலையையோ தேநீர்ப் பையையோ நினைவுப் பொருளாகக்கூட நாட்டுக்கு வெளியே எடுத்து வராதீர்கள். தயக்கமாக இருந்தால் 'முஞ்ஞா' தேநீர் கேளுங்கள், புதினா வாசனையோடு வயிற்றுக்கு இதமாக இருக்கும்.

மலையேறும் முன் மூன்று கோகா இலைகளை விசிறி போல விரலில் பிடித்து, மலையைப் பார்த்து ஊதி, ஒரு கல்லுக்கடியில் வைப்பவர்களைப் பார்ப்பீர்கள். மலைகளை 'அப்பு' என்பார்கள், காவல் தெய்வம். அந்த நேரத்தில் கொஞ்சம் ஒதுங்கி நில்லுங்கள்.

பீசாக்கில் என்ன பார்க்க வேண்டும்?

படிப்படியாக இறங்கும் வயல்கள். மேலிருந்து பார்க்கும் படம்தான் எல்லோரிடமும் இருக்கிறது, நான் சொல்வது ஒரு படிக்கட்டு வயலுக்குப் பக்கத்தில் போய் நின்று அதன் சுவரைப் பாருங்கள். அடியில் பெரிய கல், அதற்கு மேல் சரளை, மணல், கடைசியாக வளமான மண் என்று அடுக்கியிருக்கிறார்கள், மழைத் தண்ணீர் தேங்காமல் வடிந்துவிடும், மண்ணும் சரியாது. பகலில் வாங்கிய வெயிலைக் கல் சுவர் இரவில் மெதுவாக விடும், பயிர் உறைபனியிலிருந்து தப்பிக்கும். சுவரிலிருந்து நீண்ட கற்கள் படி மாதிரி வரிசையாகத் துருத்திக்கொண்டிருக்கும், அவைதான் ஒரு வயலிலிருந்து அடுத்த வயலுக்கு ஏறும் வழி.

எதிர்ப் பாறையில் தேன்கூடு மாதிரி ஓட்டைகள் தெரியும். அவை கல்லறைகள், எல்லாவற்றையும் எப்போதோ கொள்ளையடித்துவிட்டார்கள்.

கீழே ஊர்ச் சந்தை தினமும் உண்டு, ஞாயிற்றுக்கிழமை பெரிதாக இருக்கும். முக்கால்வாசி சரக்கு பெருவில் எங்கேயும் கிடைப்பதுதான். மண் அடுப்பில் சுடும் எம்பனாடா (உள்ளே பூரணம் வைத்த ரொட்டி) மட்டும் விடாதீர்கள், சீஸ் வைத்ததும் உண்டு.

சின்ச்செரோவில் நெசவு காட்டுவது வெறும் வியாபாரத் தந்திரமா?

வியாபாரம்தான், அதை அவர்களும் மறைப்பதில்லை. ஆனால் காட்டுகிற வேலை உண்மையான வேலை, இதை அரைமணி நேரச் சடங்காக நினைத்துப் போனைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்தால் நஷ்டம் நமக்குத்தான்.

எனக்குக் காட்டிய அம்மாவுக்கு அறுபது வயது இருக்கும். 'சக்தா' என்ற ஒரு கிழங்கைத் துருவித் தண்ணீரில் போட்டு அலசினார், சோப்பு மாதிரி நுரைத்தது. அழுக்கு ரோமத்தை அதில் ஒரு நிமிடம் கசக்கி எடுத்தார், வெள்ளையாக வந்தது. பிறகு சப்பாத்திக்கள்ளியில் வளரும் கொச்சினியா பூச்சி, காய்ந்து சாம்பல் நிறத்தில் மிளகைவிடச் சின்னதாக இருந்தது, ஒன்றை உள்ளங்கையில் வைத்துக் கட்டைவிரலால் நசுக்கினார். கை முழுக்கச் சிவப்பு. அதன்மேல் இரண்டு சொட்டு எலுமிச்சை விட்டதும் ஆரஞ்சு பக்கம் போனது, சாம்பல் தண்ணீர் பட்டதும் ஊதா. ஒரே பூச்சி, ஒரே உள்ளங்கை. அதற்குப் பிறகு கடையில் தொங்கும் ஒவ்வொரு சிவப்பையும் வேறு கண்ணால் பார்த்தேன்.

தறியின் ஒரு முனை முளைக்குச்சியில், மறு முனை நெய்பவரின் இடுப்பில். அவர் பின்னால் சாய்ந்தால் பாவு இறுகும், முன்னால் வந்தால் தளரும், உடம்பே தறியின் பாதி. லாமா எலும்பைக் கூராக்கிய ஒரு துண்டால் இழைகளைத் தட்டித் தட்டி நெருக்குவார்கள். வடிவம் எங்கேயும் வரைந்து வைத்திருப்பதில்லை, இழைகளை எண்ணி எண்ணி எடுப்பதுதான், எண்ணிக்கை முழுக்க மனதில் இருக்கிறது. ஒரு நல்ல போர்வைக்கு வாரக்கணக்கில் ஆகிறது என்பதை இதைப் பார்த்த பிறகுதான் நம்புவீர்கள்.

இந்தக் கலை ஒரு காலத்தில் தேய்ந்துகொண்டு போனது, இளையவர்கள் ஆலைத் துணிக்கு மாறிவிட்டார்கள். அதை மீட்டவர்களில் முக்கியமானவர் சின்ச்செரோவில் பிறந்த நில்டா கயாஞாவுப்பா. அவரும் மற்ற நெசவாளர்களும் 1996இல் தொடங்கிய பாரம்பரிய நெசவு மையம் குஸ்கோவில் இருக்கிறது, டூரில் வாங்க அவசரமாக இருந்தால் அங்கே நிதானமாகப் பார்த்து வாங்கலாம்.

கையால் நெய்ததா, மெஷினில் வந்ததா என்று எப்படிக் கண்டுபிடிப்பது?

துணியைத் திருப்பிப் பாருங்கள். இடுப்புத் தறியில் நெய்த பட்டைகளில் பின்பக்கமும் அதே வடிவம் நிறம் மாறித் தெரியும், முன்னால் சிவப்பில் வெள்ளைப் பூ என்றால் பின்னால் வெள்ளையில் சிவப்புப் பூ. அப்புறம் ஓரங்களைப் பாருங்கள், ஆண்டிஸ் மலைப்பகுதி நெசவில் துணியைத் தறியிலிருந்து வெட்டி எடுப்பதில்லை, நாலு பக்கமும் நெய்தே முடிந்திருக்கும். 'பேபி அல்பாக்கா' என்றால் (அல்பாக்கா லாமாவின் இனத்து விலங்கு) குட்டியின் ரோமம் என்று அர்த்தமில்லை, மெல்லிய ரகம் என்று பொருள். தெருவில் பத்து டாலருக்கு 'பேபி அல்பாக்கா' ஸ்வெட்டர் என்றால் அது செயற்கை இழை, குளிருக்குப் போட வாங்கிக்கொள்ளுங்கள், ஆனால் அல்பாக்கா என்று நம்பி வாங்காதீர்கள்.

பேரம் பேசலாமா என்றும் கேட்கிறார்கள். சந்தையில் பேசலாம். நெய்தவரே கையில் வைத்துக்கொண்டு நிற்கும்போது நான் பேசுவதில்லை.

மொராயும் மராஸும் போக வேண்டுமா?

மொராயில் வட்ட வட்டமாகப் பூமிக்குள் இறங்கும் வயல்கள், பெரிய குழி சுமார் 30 மீட்டர் ஆழம். மேலுக்கும் அடிக்கும் வெப்பநிலை வேறுபடுகிறது, அதனால் பயிர்களைச் சோதித்துப் பார்த்த இடமாக இருக்கலாம் என்பது பலரும் சொல்லும் விளக்கம். 2010இல் பெருமழையில் ஒரு பகுதி சரிந்து, பிறகு சீர்செய்தார்கள். இப்போது உள்ளே இறங்க விடுவதில்லை, விளிம்பில் சுற்றி வரலாம், அரைமணி போதும்.

மராஸ் எனக்கு அதைவிடப் பிடித்தது. மலைக்குள்ளிருந்து வரும் ஒரு சின்ன உப்பு ஊற்று, ஒரு முழம் அகல வாய்க்கால், அதிலிருந்து சரிவு முழுக்க மூவாயிரத்துக்கும் மேற்பட்ட பாத்திகள். இன்காக்களுக்கு முன்பிருந்தே நடக்கிறது என்கிறார்கள். ஒவ்வொரு பாத்தியும் ஊரில் ஒரு குடும்பத்துடையது. தண்ணீரைத் திறந்துவிட்டு, நிறைந்ததும் ஒரு கல்லால் அடைத்து, வெயிலில் காயவிட்டு, மறுபடி திறப்பார்கள். 2019 முதல் பார்வையாளர்களைப் பாத்தி வரப்பில் நடக்க விடுவதில்லை. அது சரியான முடிவு, சாப்பிடும் உப்பு விளையும் இடம் அது. மழைக்காலத்தில் போனால் பாத்திகள் பழுப்பாக இருக்கும், வெள்ளை வெளேரென்ற காட்சி மே முதல் அக்டோபர் வரைதான்.

ஒயாந்தாய்தம்போவைப் பற்றி எல்லோரும் ஏன் அவ்வளவு சொல்கிறார்கள்?

ஏனென்றால் அங்கே ஊர் இன்னும் இருக்கிறது. 'இடிபாடு' என்ற வார்த்தையை வைத்துக்கொண்டு போனால் இந்த ஊர் பிடிபடாது. தெருக்கள் இன்கா காலத்தில் போட்ட தெருக்கள், தெருவோரக் கல் வாய்க்காலில் மலைத் தண்ணீர் இப்போதும் ஓடுகிறது. வெட்டிப் பொருத்திய கல் வாசலுக்குள் எட்டிப் பார்த்தால் முற்றம், முற்றத்தைச் சுற்றி நாலைந்து வீடுகள், கொடியில் பள்ளிச் சீருடை காய்கிறது. ஓட்டுக் கூரையின் உச்சியில் மண்ணால் செய்த இரண்டு காளைகளும் நடுவில் ஒரு சிலுவையும், வீட்டுக்குக் காவலாக.

மேலே கோட்டைப் பகுதியில் செங்குத்தான படிகள் ஏறினால் சூரியன் கோயில் எனப்படும் இடம், முடிக்கப்படாத ஒன்று. இளஞ்சிவப்பு நிறத்தில் ஆறு பெரிய கற்கள் வரிசையாக நிற்கின்றன, ஆளைப்போல இரண்டு மடங்கு உயரம், நடுநடுவே மெல்லிய கல் பட்டைகள். இந்தக் கற்கள் ஆற்றுக்கு அந்தப் பக்கம், சுமார் 5 கி.மீ. தள்ளியுள்ள கச்சிகாத்தா மலையிலிருந்து வந்தவை. இன்காக்கள் வேலைக்குச் சக்கரம் பயன்படுத்தவில்லை, இரும்பும் இல்லை. மலையிலிருந்து இறக்கி, ஆற்றைக் கடத்தி, மறுபடி மேலே ஏற்றியிருக்கிறார்கள். எல்லாக் கல்லும் வந்து சேரவில்லை. வழியில் நின்றுபோனவை அங்கங்கே வயலோரம் கிடக்கின்றன, உள்ளூரில் அவற்றுக்குப் பெயர் 'களைத்துப்போன கற்கள்'. கைடு சொல்லவில்லை என்றால் நீங்களே கேளுங்கள், காட்டுவார்.

1537இல் இன்கா அரசர் மன்கோ இன்கா ஸ்பானியர்களை எதிர்த்து வென்ற இடமும் இதுதான். ஸ்பானியத் தளபதி எர்னாண்டோ பிசாரோவின் குதிரைப்படை கீழே சமவெளிக்கு வந்தபோது வாய்க்கால்களைத் திறந்துவிட்டு நிலத்தைச் சேறாக்கினார்கள், குதிரைகள் கால் புதைந்து திணறின, படை பின்வாங்கியது. படிக்கட்டின் உச்சியில் நின்றுகொண்டு இதைக் கேட்டால் அந்தச் சமவெளி கண்ணுக்கு நேரே விரிந்திருக்கும்.

அப்படியானால் இன்காக்கள் அழிந்துபோய்விட்டார்கள் என்பது?

பேரரசு அழிந்தது. ஸ்பானியர்கள் 1533இல் குஸ்கோவுக்குள் நுழைந்தார்கள், கடைசி அரசர் தூபாக் அமாருவை 1572இல் அதே நகரச் சதுக்கத்தில் கொன்றார்கள். மக்கள் எங்கேயும் போகவில்லை. உங்கள் வேனை ஓட்டுபவர், சோளம் விற்கும் பெண், கைடு, எல்லோர் வீட்டிலும் பாட்டி கெச்சுவா பேசுகிறார். பெருவில் மட்டும் முப்பது லட்சத்துக்கும் அதிகமானவர்களின் தாய்மொழி அது, 1975இலிருந்து ஆட்சிமொழியும்கூட. ஆனாலும் நகரத்தில் கெச்சுவா பேசினால் கேவலமாகப் பார்ப்பார்கள் என்று பயந்து பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுக்காத பெற்றோர் நிறைய.

தமிழ் பேசும் நமக்கு இந்த மொழியில் ஒரு சந்தோஷம் காத்திருக்கிறது. 'வசி' என்றால் வீடு, 'வசிபி' என்றால் வீட்டில், ஒட்டுகளைப் பின்னால் சேர்த்துக்கொண்டே போகலாம், வினை வாக்கியத்தின் கடைசியில் வரும். அதைவிட, 'நாம்', 'நாங்கள்' என்ற வேறுபாடு அவர்களிடமும் இருக்கிறது: கேட்பவரையும் சேர்த்தால் 'ஞொகான்சிஸ்', சேர்க்காவிட்டால் 'ஞொகாய்க்கு'. ஸ்பானிய மொழியிலும் ஆங்கிலத்திலும் இது கிடையாது. எங்கள் மொழியிலும் இப்படித்தான் என்று கைடிடம் சொன்னேன், அவர் நடப்பதை நிறுத்திவிட்டு எங்கே, சொல்லிக் காட்டு என்றார். அடுத்த ஒரு மணிநேரம் சுவர்களை விட்டுவிட்டு இதையே பேசிக்கொண்டு நடந்தோம். இதை வைத்து இரண்டு மொழிக்கும் உறவு என்று யாரும் கிளம்பிவிட வேண்டாம், உறவு கிடையாது, அமைப்பில்தான் ஒற்றுமை.

சைவம் சாப்பிடுபவர்களுக்கு என்ன கிடைக்கும்?

டூர் பஃபேயில் சோறு, உருளைக்கிழங்கு, கினுவா சூப், பீன்ஸ், காய்கறி எல்லாம் இருக்கும், பட்டினி கிடக்க மாட்டீர்கள். ஆனால் 'கார்னே (இறைச்சி) வேண்டாம்' என்று மட்டும் சொன்னால் கோழி வந்துவிடும், அவர்களுக்கு அந்தச் சொல் பெரும்பாலும் மாட்டிறைச்சியைத்தான் குறிக்கும். 'சின் கார்னே, சின் போயோ, சின் பெஸ்காதோ' (இறைச்சி, கோழி, மீன் இல்லாமல்) என்று முழுதாகச் சொல்லுங்கள். சூப்பில் கோழிச் சாறு சேர்ந்திருக்கிறதா என்பதையும் தனியாகக் கேட்க வேண்டும்.

சாலையோரத்தில் வேகவைத்த பெரிய மணிச் சோளத்தோடு ஒரு துண்டு சீஸ் வைத்துத் தருவார்கள், 'சோக்லோ கோன் கேசோ', அதுவே ஒரு வேளைக்குப் போதும். நம் சமையலறையில் உள்ள உருளைக்கிழங்கு பிறந்த மலை இதுதான், மிளகாயும் தக்காளியும் வேர்க்கடலையும்கூட அமெரிக்கக் கண்டங்களிலிருந்து கடல் வழியாக நம்மிடம் வந்தவை. சந்தையில் உருளைக்கிழங்கு விற்கும் பாட்டியிடம் ஊதா, மஞ்சள், கரடுமுரடாக என்று பத்துப் பதினைந்து வகை குவிந்திருக்கும், அதைப் பார்க்கவே கால் மணிநேரம் நிற்கலாம். லமாய் என்ற ஊரைத் தாண்டும்போது கம்பியில் குத்தி வாட்டிய 'குய்' எனும் கினிப்பன்றிகளைப் பார்ப்பீர்கள், பிள்ளைகளிடம் முன்னாலேயே சொல்லி வையுங்கள். வீட்டு வாசலில் கம்பு நுனியில் சிவப்பு பிளாஸ்டிக் பை கட்டியிருந்தால் அங்கே சோளக் கள் விற்கிறது என்று அர்த்தம்.

கிராமத்தவர்களைப் படம் எடுக்கலாமா?

கேட்டுவிட்டு எடுங்கள். வண்ண உடையில் ஆட்டுக்குட்டியோடு நிற்கும் பெண்களுக்கு அது வேலை, சில சோல் கொடுப்பதுதான் முறை, எடுத்துவிட்டு நழுவுவது அசிங்கம். பள்ளி நேரத்தில் சின்னப் பிள்ளைகள் அப்படி நின்றால் நான் எடுப்பதில்லை. வயலில் வேலை செய்பவர், சாமி கும்பிடுபவர், இவர்களைத் தூரத்திலிருந்து திருட்டுத்தனமாக எடுக்க வேண்டாம்.

எந்த மாதம் நல்லது?

மே முதல் செப்டம்பர் வரை வானம் தெளிவு, இரவில் கடும் குளிர், ஜூனிலும் ஜூலையிலும் கூட்டம். ஜூன் 24 குஸ்கோவில் இன்டி ராய்மி எனும் சூரியத் திருவிழா, அறை கிடைப்பது கஷ்டம். ஜனவரி, பிப்ரவரி நல்ல மழை, மண்சரிவில் சாலை அடைபடுவதும் உண்டு. என் விருப்பம் ஏப்ரல் கடைசி, மழை விட்டு மலையெல்லாம் பச்சையாக இருக்கும்.

வயதான அப்பா, அம்மாவைக் கூட்டிப் போகலாமா?

இதயம், நுரையீரல், ரத்த அழுத்தம் சம்பந்தமாக ஏதாவது இருந்தால் மருத்துவரின் பேச்சுதான் முடிவு. மற்றபடி தனிக் கார் எடுங்கள், வேன் டூர் வேண்டாம். ஒயாந்தாய்தம்போ படிகள் செங்குத்து, இருநூறுக்கும் மேல், கைப்பிடி இல்லாத இடங்கள் உண்டு. முழங்கால் வலி உள்ளவர்கள் கீழேயே இருக்கும் நீரூற்றுப் பகுதியையும் ஊர்த் தெருக்களையும் பார்த்தால் நிறைவாக இருக்கும்.

விசா?

இந்தியக் கடவுச்சீட்டுக்கு விசா தேவை. அமெரிக்கா, கனடா, பிரிட்டன், ஆஸ்திரேலியா, ஷெங்கன் நாடுகளில் ஒன்றின் விசா குறைந்தது ஆறு மாதம் செல்லும்படி இருந்தாலோ, அங்கே நிரந்தர வசிப்புரிமை இருந்தாலோ விலக்கு உண்டு. விமான டிக்கெட் எடுக்கும் முன் தூதரகத்தில் உறுதி செய்துகொள்ளுங்கள்.

கையில் என்ன எடுத்துக்கொள்ள வேண்டும்?

தொப்பி, சன்ஸ்கிரீன் (குளிர் அடிக்கும்போதே தோல் கருகும், அந்த உயரத்தில் வெயில் அப்படி), ஒரு மேல்சட்டை, மழைக் கோட்டு, தண்ணீர், அசல் கடவுச்சீட்டு. சில்லறை நிறைய வேண்டும், கழிப்பறைக்கு ஒரு சோல் கேட்பார்கள், காகிதம் பெரும்பாலும் இருக்காது.

டூர் இல்லாமல் நாமே போக முடியுமா?

தாராளமாக. குஸ்கோவில் புபுத்தி தெருவிலிருந்து பீசாக்குக்கும், பவித்தோஸ் தெருவிலிருந்து ஒயாந்தாய்தம்போவுக்கும் 'கொலெக்தீவோ' எனும் ஷேர் வேன்கள் ஆள் நிறைந்ததும் கிளம்பிக்கொண்டே இருக்கும், கட்டணம் மிகக் குறைவு. பீசாக்கில் ஊரிலிருந்து மேலே டாக்ஸியில் போய், பார்த்துக்கொண்டே நடந்து இறங்கிவிடலாம். மொராய், மராஸுக்கு மட்டும் நேரடி வேன் இல்லை, வழியில் இறங்கி டாக்ஸி பேச வேண்டும்.

டூர் முடிந்து குஸ்கோ திரும்பாமல் அங்கிருந்தே மாச்சு பிச்சு போகலாமா?

போகலாம், பலர் அப்படித்தான் செய்கிறார்கள். ஒயாந்தாய்தம்போவில் இறங்கிக்கொள்கிறேன் என்று பதிவு செய்யும்போதே சொல்லிவிடுங்கள். அங்கிருந்து மாச்சு பிச்சுவின் அடிவாரத்தில் உள்ள அக்வாஸ் காலியேந்தேஸ் ஊருக்கு ரயில், ஒன்றே முக்கால் மணிநேரம் வரை ஆகும். ரயிலில் சின்னப் பைதான் அனுமதி, பெரிய பெட்டியைக் குஸ்கோ ஹோட்டலிலேயே விட்டுவிட்டு வாருங்கள். பீசாக்கைக் கடைசியில் வைத்திருக்கும் டூரில் இறங்கிவிட்டால் பீசாக் போய்விடும், அதையும் யோசித்துக்கொள்ளுங்கள்.

ஒரே ஒரு இடத்துக்குத்தான் நேரம் இருக்கிறது என்றால்?

ஒயாந்தாய்தம்போ, அதுவும் ஓர் இரவு தங்கி. டூர் வேன்கள் எல்லாம் மாலை ஐந்து மணிக்குள் போய்விடும், தெருவில் வாய்க்கால் சத்தம் கேட்கத் தொடங்கும். மறுநாள் காலையில் ஊருக்கு எதிரே உள்ள பிங்குயுனா மலையில் ஏறுங்கள், அதற்கு டிக்கெட் கிடையாது. பாதை செங்குத்து, நல்ல செருப்பு போதாது, ஷூ வேண்டும். பாதி உயரத்தில் காற்று நன்றாக அடிக்கிற இடமாகப் பார்த்துக் கட்டிய பழைய தானியக் களஞ்சியங்கள் இருக்கின்றன. அங்கே உட்கார்ந்தால் எதிர் மலையில் ஆறு கற்களும், கீழே ஊரின் தெருக்கள் கோடு போட்ட மாதிரியும், ஒவ்வொரு முற்றத்திலும் அடுப்புப் புகையும் தெரியும். ஏழரை மணிக்குப் பள்ளிக்கூடம் போகும் பிள்ளைகள் அந்தக் கல் வாசல்களிலிருந்து ஒவ்வொருவராக வெளியே வருவார்கள்.